ஒரு பிரதி

மார்த்தாண்டம் சந்தைக்குப் பின்னால்
ஞானாபரணம் அச்சகத்தில்
குலசிங்கம் எழுத்துக் கோத்தால்
பிழை தேட எனக்கு வேலையில்லை,
ஒன்றைத் தவிர.
போன வாரம் ‘கல்யானம்’ என்று போய்
முந்நூறு கார்டு குப்பைக்கு.
முதலாளி கத்தின கத்தில்
எதிர்த்த மீன்கடையில் விலைபேச்சு நின்றது.

மத்தியானம், மரச்சீனிக்கும் சாளைக்குழம்புக்கும் நடுவில்
கேட்காமலே சொன்னார்:

“அங்க, ஆமி ஊருக்குள்ள இருக்கேக்க
வெட்டின செய்தியின்ர இடத்தை
வெறுமையா விடக்கூடாது எண்டு உத்தரவு.
வெள்ளைத்தாளுக்கும் பயம் அவைக்கு.
சவர்க்கார விளம்பரம் போட்டு நிரப்பினம்.
நாலு நாளில சனத்துக்கு விளங்கிட்டுது:
சவர்க்காரம் பெரிசா வந்தா
செத்தவை கூட.
கடையில சவர்க்காரமே இல்லை அப்ப.

பிறகு பிரஸ்ஸை அடைச்சாங்கள்.
மாட்டுக்கொட்டிலுக்குள்ள ராவில அடிச்சம்.
பள்ளிக்கூடக் கொப்பித்தாள், கோடு போட்டது.
சைக்கிளைக் கவிழ்த்து வச்சு
ஒரு பெடியன் பெடலைச் சுத்துவான்,
டைனமோ வெளிச்சத்தில நான் கோப்பன்.
அவன் களைச்சா செய்தி இருட்டும்.
காணவில்லை, காணவில்லை எண்டு கோத்துக் கோத்து
‘ண’ முடிஞ்சுபோச்சு.
‘ன’ போட்டம்.
ஒருத்தரும் பிழை எண்டு சொல்லேல்லை.”

அந்தப் பையன் பெயரைக் கேட்டேன்.
முள்ளை எடுத்து இலையோரம் வைத்தார்.

வியாழக்கிழமை கியூ பிராஞ்ச்காரர் வருவார்.
ஈயத்தில் திரும்பி நிற்கும் எழுத்து
அவருக்கு வாசிக்க வராது.
“இதுல என்னவே எழுதியிருக்கு?”
நான் வாசித்தேன், ஒன்றும் விடாமல்:
மணமகன் ஜெபசீலன் பி.காம்.,
மணமகள் மெர்லின் சுபா,
தாய்மாமன் வாத்தியார், ஓய்வு,
விருந்து பாரிஷ் ஹாலில்.
விருந்து ஆடா கோழியா என்று கேட்டுவிட்டு
மாதிரிக்கு ஒரு கார்டு எடுத்துக்கொண்டு போனார்.

ஐந்தரை.
மண்ணெண்ணெயில் விரல் துடைத்து
சோப்பை வீணாக்காமல் ஒருமுறை உருட்டி
சைக்கிளை எடுத்தார் குலசிங்கம்.
ஆறுக்குள் முகாம் ரெஜிஸ்டரில் பெயர் விழவேண்டும்.

“இப்ப நான் தினசரி வெளியிடுறது அது ஒண்டுதான் தம்பி.
கையெழுத்து.
ஒரு பிரதி. வாசகர் ஒரு போலீஸ்காரர்.
தணிக்கை இல்லை.”

சிரித்தாரா என்று தெரியவில்லை,
மழை தூறத் தொடங்கியிருந்தது.

விளக்கை அணைக்கும் முன்
‘ண’ இருக்கும் கட்டத்தில் கைவிட்டுப் பார்த்தேன்.

நிறைய இருந்தது.