போஸ்ட் இல்லாத குளம்

பைய நடங்க என்றான் இயக்குநர்ப் பையன்.
வேகமாய் நடக்க
வேறு முட்டு எங்கே இருக்கிறது எனக்கு.
தேரூர்க் குளத்தங்கரை, மார்கழிச் சாயங்காலம்.
தாடகை மலை மல்லாந்து கிடந்தது
மூக்கின் மேல் ஒரு கீற்று மேகத்தோடு.

குறும்படமாம். பதினொரு நிமிடம்.
முதுமையும் இயற்கை அழகும் என்றான்.
இரண்டில் நான் எது என்று கேட்டேன்.
நன்றாகச் சிரித்தான்.

கைலி கூடாது, வெள்ளை வேட்டி.
கையில் ஒரு கம்பு.
கம்பு எனக்குக் கிடையாது;
தாணுலிங்கத்திடம் இரவல் கேட்டேன்.
கம்பில்லாமல் நிற்க முடியாதவர் என்பதால்
அவரும் ஆட்டோவில் கூடவே வந்தார்.
ஒவ்வொரு ஷாட் முடிந்ததும்
திருப்பிக் கொடுத்தேன், ஒன்றுக்குப் போய்வர.

கேமராக்காரப் பெண் மூன்று இடம் மாறினாள்.
அந்தப் போஸ்ட் இடிக்குது என்றாள்,
கம்பி வேற குறுக்க.
குனிந்தாள், சரிந்தாள்,
கடைசியில் ஒரு தாழம்புதரின் மறைவில்
உலகம் சுத்தமாகிவிட்டது.

எண்பத்து மூன்றில் நட்ட போஸ்ட் அது.
இடுப்பளவு சேற்றில் நானும் இறச்சகுளம் வேலப்பனும்.
தோண்டத் தோண்ட ஊறிவந்த தண்ணீரை
பெயிண்ட் டப்பாவால் கோரிக் கோரி இறைத்தோம்.
ஒக்கி அடித்த மறுநாள்,
ஊரெல்லாம் போஸ்ட்கள் படுத்துவிட்டன என்றார்கள்.
பென்ஷன் வாங்கும் காலோடு ஓடிவந்து பார்த்தேன்.
நின்றது.
கொஞ்சம் தெற்கே சாய்ந்து.

சொல்லவில்லை. வெளிச்சம் போகிறது அவர்களுக்கு.

தண்ணியப் பாத்து எதையாவது நினைச்சுக்கோங்க என்றான்.
கேஸ் சிலிண்டர் தீரப்போவதை நினைத்தேன்.
அந்த நேரம் பார்த்து
கூழைக்கடா ஒன்று குளத்தை உழுதுகொண்டு இறங்கியது.
கட் சொல்லும்போது
பையனுக்குக் கண் கலங்கியிருந்தது.

நாகர்கோவிலில் ஒரு சின்ன ஹாலில் போட்டார்கள்.
என் முகத்தின் மேல் யாரோ கனத்த குரலில்
மரணத்தைப் பற்றிப் பேசிக்கொண்டே இருந்தார்.
அழகாகத்தான் இருந்தேன், அது வேறு.
கழுத்துச் சுருக்கத்துக்குள்ளெல்லாம் வெயில்.
கம்பு நல்லா விழுந்திருக்கு என்றார் தாணுலிங்கம்.

ஏழாவது நிமிடம்.
தாமரையில்லாத ஒரு துண்டுத் தண்ணீர்.
அதில் வானம்.
வானத்தின் குறுக்கே தலைகீழாக
நான் இழுத்துக் கட்டிய மூன்று கம்பி.
நடுக்கம்பியில் தொங்கிய மீன்கொத்தி
ஆழத்திலிருந்து மேலே பாய்ந்து வந்து
தன்னையே மோதியது.
எல்லாம் கலைந்தது.
மறுபடி கம்பி கூடிவரும்வரை
வெட்டாமல் விட்டிருந்தாள் அந்தப் பெண்.

நாற்பது வருசம். நூல் பிடித்த மாதிரி.

தொய்வே இல்ல பாத்தீரா, என்றேன்.
ஆமா ஓய், என்றார் தாணுலிங்கம் இருட்டில்,
படம் நல்ல வேகம்.