கம்பம் எண் 317

மழைக்கு முன்னால் வெட்டிவிடச் சொல்லி
வின்ட்ஹுக்கிலிருந்து தாள் வந்திருந்தது.
ஈரம் ஏறினால் புல் சரியும், கம்பியைத் தொடும்,
அப்புறம் மால்ட்டஹோயெ வரை இருட்டு.
போன ஜனவரியில் அப்படித்தான்
யோசியாஸின் கசாப்புக் கடையில்
பதினோரு ஆடு நாறிப்போனது.

எல்ஃப்ரீடா ஏணியைப் பிடித்துக்கொண்டாள்.
நான் ரம்பத்தோடு ஏறினேன்.

தூரத்தில் பார்த்தால் வைக்கோல்போர் ஒன்றைத்
தூக்கிக் கம்பத்தில் மாட்டியதுபோல் இருக்கும்.
அண்ணாந்து பார்த்தால் தெரு.
அடிப்பக்கம் முழுக்க ஓட்டைகள்,
ஓட்டைக்கு ஒரு குடித்தனம்.
அறுபத்து மூன்று வரை எண்ணினேன்.
ஒரு நெசவுக்குருவி காதோரம் கத்தியதில்
கணக்கு விட்டுப்போனது.

அறை அவரவருடையது.
கூரை புறம்போக்கு:
யார் பேரிலும் இல்லை, எல்லார் தலைமேலும் உண்டு.
முறைவாசல் என்று யாரும் பிரித்துவிடவில்லை.
ஆனாலும் ஒன்று, காய்ந்த தாளை அலகில் கவ்வி வந்து
தன் வாசலைத் தாண்டிப் போய்
உச்சியில்,
எவனோ ஒருவனுடைய தலைக்கு மேலே
செருகிவிட்டுப் பறந்தது.

நல்ல மனசு என்று சொல்ல ஆசைதான்.
ஆனால் இன்னொன்றையும் பார்த்தேன்.
தன் வாசலை மட்டும் நீவி நீவிச் சரிபண்ணியதை
ஒரு கருந்தாடிக்காரன்
கம்பி நெடுக விரட்டி விரட்டிக் கொத்தினான்.
திரும்பி வந்தபோது
அதன் வாயிலும் ஒரு புல்.

ஒரு ஓட்டையில் விரலை விட்டேன்.
முகப்பில் முள்ளாய்க் குத்தியது.
உள்ளே ரொட்டியைப் பிட்டதுபோல் சூடு.
ஜூலை ராத்திரி, குழாய்த் தண்ணீர் உறையும்போது
அப்பன், ஆத்தாள்,
கிளம்ப வேண்டிய வயசிலும் கிளம்பாமல்
தம்பிகளுக்குப் புழு ஊட்டும் போன ஈத்துப் பிள்ளைகள்
எல்லாம் இதற்குள்தான் நெருக்கியடித்துக் கிடக்கும்.
தனியாகப் படுத்த குருவியை
விடிகாலையில் வேலியடியில் பார்த்திருக்கிறேன்,
கல்லாக.

ஓர அறையில் ஒரு குட்டி வல்லூறு.
ஒரு புல் கொண்டுவந்தது கிடையாது.
பசித்தால் பக்கத்து வீட்டுக் குஞ்சையே தின்னும்.
ஏன் விட்டுவைத்திருக்கிறார்கள், தெரியவில்லை.
எங்கள் குடியிருப்பிலும் ஒருவன் உண்டு.

சேர்ந்திருந்தால் பாம்புக்கும் விலாசம் தெரிந்துவிடும்.
மஞ்சள் நாகம் ஏறினால்
ஒரு வீட்டோடு நிற்காது,
அறை அறையாக, முட்டை முட்டையாக,
மத்தியானம் முழுக்க விருந்து.
அதையும் தெரிந்துகொண்டுதான்
மறுவாரம் அதே அறைகளில் முட்டையிடுகின்றன.
தெரிந்துதானா?
ஏணியில் நிற்பவனுக்கு இதற்கு மேல் தோன்றவில்லை.

கம்பிப் பக்கத்துப் பாதியை மட்டும் அறுத்தேன்.
"தள்ளிப் போ" என்றேன்.
மாடு விழுந்ததுபோல் விழுந்தது.
புழுதி அடங்கியதும் உள்ளடுக்குகள் தெரிந்தன,
கறுத்து, மட்கி, எச்சத்தில் இறுகி.
நடுவே ஒரு துண்டு நீலக் கயிறு.
நான் வேலைக்குச் சேர்ந்த வருஷம்
இந்த வேலியில் கட்டியது.
அதைச் செருகிய குருவி செத்துப் பல வருஷம் இருக்கும்.
அதன் கீழே எத்தனை பேர் தூங்கினார்களோ.

எல்ஃப்ரீடா குனிந்து வைக்கோலைக் கிளறினாள்.
ஒரு குஞ்சு. சிறகு முளைக்காதது,
வாய் மட்டும் பெரிதாய்.
தொப்பிக்குள் வைத்துக்கொண்டு
என்னை இறங்கச் சொன்னாள், அவள் ஏறினாள்.
"எந்த அறை?"
"எனக்கு எப்படித் தெரியும்?"
மிச்சமிருந்த பாதியில் ஏதோ ஒரு ஓட்டைக்குள்
நுழைத்துவிட்டு இறங்கினாள்.

வண்டிக்குள் உட்கார்ந்து காத்திருந்தோம்.
உள்ளே ஒரே கூச்சல்.
யாரும் அதை வெளியே தள்ளவில்லை,
நாங்கள் இருந்த வரை.

பதிவேட்டில் "அகற்றப்பட்டது" என்று எழுதினேன்.
தலை நிமிர்ந்தபோது
அறுத்த முகத்தில் இரண்டு புல் நட்டுக்கொண்டிருந்தது.
மூன்றாவதைக் கொண்டுவந்தது
அந்த அடி வாங்கியவனாக இருக்கலாம்.
எல்லாவற்றுக்கும் ஒரே முகம்.