பதினேழாம் தேதி

டோக்கியோ நேரம் ஆறரை.
நார்தம் சாலை பங்களாவுக்கு மேல்
இன்னும் நட்சத்திரங்கள்.
கர்னல் கோஸ்லா எழுந்துவிட்டார்.
சவரத்துக்கு வெந்நீர், அரைக் குவளை.
காப்பி என்பது மரியாதைக்குச் சொல்வது,
வறுத்த மரவள்ளியின் கரி அது.

இடது பூட்ஸின் அடித்தோல் பிளந்திருந்தது.
ரப்பர் ஷீட்டை வெட்டி ஒட்டினேன்.
"எந்தத் தோட்டத்து ரப்பர்?"
"என் அப்பா வெட்டிய பாலாகவும் இருக்கலாம், சாப்."
சிரித்தார். அந்த வாரத்தில் முதல் தடவை.

இதெல்லாம் குறிப்பேட்டில் உண்டு.
கொய்னா மாத்திரை பதினொன்று.
மகளுக்கு அவர் எழுதி அனுப்ப வழியில்லாத கடிதம்
அதுவரை இருபத்திரண்டு.

பதினேழாம் தேதியில் மட்டும் தேதிதான் இருக்கிறது.

அன்று படகேறி அக்கரை போய்
நிபோங் திபால் பக்கம் ஒரு தோட்டத்தில்
முந்நூறு பேர் முன்னால் நின்றோம்.
பிரட்டுக்கு நிற்பதுபோலவே நின்றார்கள்,
வாளியும் கத்தியும்தான் இல்லை.
கர்னலுக்குப் பொய் வராது.
இந்துஸ்தானியில் சொன்னார்:
உங்களில் பலர் சாவீர்கள், தெரிந்துகொண்டு வாருங்கள்.
என் பக்கம் திரும்பினார்.

முன்வரிசையில் ஒருவன்,
மீசை அரும்பாதவன், காதில் பீடி.
சாவு என்ற சொல் எனக்கு எழும்பவில்லை.
"போறவங்க திரும்பி வரமாட்டீங்க" என்றேன்.

ஒரு நொடி.
பிறகு துண்டுகள் மேலே பறந்தன.
ஒருத்தி குலவையிட்டாள்.
திரும்பி வரவேண்டாமா, இந்த லயத்துக்கு?
இந்தத் தண்டல் முகத்துக்கு?
கைநாட்டு மேசையை மொய்த்துவிட்டார்கள்.

கர்னல் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.
"புரிந்ததா அவர்களுக்கு?"
"புரிந்தது சாப்."
"தைரியசாலிகள்" என்றார். குரல் கம்மியிருந்தது.

பர்மாவிலிருந்து வந்து சேர்ந்தது பத்தொன்பது பேர்.
அவர்கள் காதைத்தான் முதலில் பார்த்தேன்.

இன்று எல்லாத் தாளையும் எரிக்க உத்தரவு.
பங்களாவின் பின்னால் தகர டிரம்.
வரைபடங்கள், சம்பளப் பட்டியல்.
நூற்றுநான்கு கடிதங்களையும் அவரே போட்டார்,
ஒவ்வொன்றாக, உறையைப் பார்த்துப் பார்த்து.
என் குறிப்பேட்டுக்குக் கை நீட்டினார்.
புரட்டிக்கொண்டே வந்த விரல் நின்றது.
"அன்று என்ன நடந்தது, அஞ்சப்பன்?"
"மழை சாப். படகு போகவில்லை."
அந்தப் படகில் எனக்கு எதிரில் உட்கார்ந்திருந்தவர்
என்னையே பார்த்தார்.
பிறகு ஏட்டை என்னிடம் திருப்பிக் கொடுத்துவிட்டு
டிரம்மைக் கிளறப் போனார்.

கைநாட்டுத் தாள்கள் கடைசியில்தான் எரிந்தன,
மை அவ்வளவு தடிப்பு.
மணி எழுதவில்லை.
இனி எந்த நேரத்தைப் போடுவது என்று
யாரும் சொல்லவில்லை.