ஏழாம் அறையின் தெற்குச் சுவர்

மூன்று லாரி லோடு என்றுதான் பேச்சு.
பதினொன்று ஏற்றினேன்.
கொய்ப்பாசா உப்புவெளியில்
என்னையும் வெயிலையும் தவிர
எண்ணிப்பார்க்க யார் இருந்தார்கள்?

கோபுரம் என்று சொல்வது பழக்கதோஷம்.
மிஞ்சியிருந்தது அரைவட்டம்,
பல் கொட்டிய தாடை மாதிரி.
உப்புக்கல் மேல் உப்புக்கல்.
ஒவ்வொன்றிலும் கட்டைவிரல் நுழைய ஒரு துளை.
துளையில் வாய்வைத்து
ஒருமுறை பேசலாம். ஒரே முறை.
ஈர உப்பால் அடைத்துவிடுவார்கள்.
கல் இறுகும், உள்ளே குரலும் இறுகும்.

வாசலில் தராசோடு உட்கார்ந்திருந்தவன்
ப்ரிமித்திவோ தோலா.
உப்புப் பெறாத பேச்சை உள்ளே விடமாட்டான்.
கல்யாணச் சத்தியங்களைத் திருப்பி அனுப்பியவன்
தகரச் சுரங்கத்து லூச்சோவின் இருமலை
மறுபேச்சில்லாமல் வாங்கிக்கொண்டான்.
ஒருத்தி கத்தியும் கிழங்குமாக வந்து
தோல் சீவும் சத்தத்தைத் தந்தாளாம்.
எடைபோட்டுவிட்டுத்
தொப்பியைக் கழற்றினானாம்.

அவன் செத்தபின் பூசி மெழுக ஆளில்லை.
ஜனவரி மழையில் கோபுரம் கரையும்போது
யாரோ யாரையோ கூப்பிடுவது கேட்கும்.
பாதியில் நின்ற வசவு ஒன்றும்.
லாமாக்கள் வந்து நக்கும்.
எங்கள் கிடா ஒன்று
ஒரு நீதிபதியின் சிரிப்பை நக்கித் தின்றுவிட்டு
மூன்று நாள் செரிக்காமல் நின்றது.

எங்கள் அய்மாரா பேச்சில்
போன காலம் கண்ணுக்கு முன்னால் இருக்கும்,
வரும் காலம் முதுகுக்குப் பின்னால்.
ஆகவே ரிவர்ஸில் இடிபாட்டை விட்டு விலகியபோது
சரியான திசையில்தான் போகிறேன் என்று
சமாதானம் சொல்லிக்கொண்டேன்.
கண்ணெதிரே கோபுரம் சிறுத்தது.
சிறுத்ததே ஒழிய மறையவில்லை.

அந்தக் கற்களில் ஓட்டல் எழுந்தது.
கட்டில் உப்பு, மேசை உப்பு,
வாடகை டாலரில்.
முதல் வருடம் சத்தமில்லை.
அடுத்த வருடம் முதலாளி வெனான்சியோ
அறைக்கு அறை வெந்நீர்க் குழாய் வைத்தார்.
ஆவி பட்டதும்
சுவர்கள் வாய் திறந்தன.

மூன்றாம் அறையில் இருமல்.
ஜெர்மானியத் தம்பதி ஒன்று
மருந்துப் புட்டியைச் சுவரோரம் வைத்துவிட்டுப் போனது.
சமையலறையில் யாரோ கிழங்கு சீவ,
சமையல்காரி லெயோகாடியா
கூடையை இரண்டுமுறை எண்ணினாள்.

ஏழாம் அறையில் குழாய் ஒழுகுகிறதென்று
என்னை அனுப்பினார்கள்.
முழங்காலிட்டுத் திருகிக்கொண்டிருந்தேன்.
இடுப்புயரக் கல்லிலிருந்து
ஃபெலீசா வார்க்காயா பேசினாள்:

"எலெயுத்தேரியோ, இகீக்கே பஸ் வந்துவிட்டது.
காத்திருக்காதே.
அடுப்பை அணைத்துவிட்டுத் தூங்கு."

முப்பத்தோரு வருடம்
அடுப்பை அணைக்காமல் இருந்தேன் என்று
பொய் சொல்லமாட்டேன்.
அணைத்தேன். கட்டிக்கொண்டேன்.
இரண்டு பிள்ளைகள், ஒரு லாரி.
ஆனாலும் இகீக்கே பஸ் திரும்பும் வியாழக்கிழமைகளில்
ஏதோ ஒரு வேலை எனக்கு
அந்தச் சாலைப் பக்கமாகவே அமைந்தது.

போகிற வழியில் இறங்கி
என்னிடம் சொல்லாததை
ஒரு கல்லிடம் சொல்லியிருக்கிறாள்.
அந்தக் கல்லை
நான்தான் தோளில் சுமந்தேன்.
காதுக்கும் அதற்கும் நாலு விரல் தூரம்.
உச்சி வெயில். காய்ந்த உப்பு.
மூச்சுகூட விடவில்லை.

வெந்நீரை இன்னும் திறந்துவிட்டேன்.
இரண்டாம் முறை கேட்டபோது
அடுப்பு கரைந்துபோயிருந்தது.
மூன்றாம் முறை, பஸ்.
கேட்கக் கேட்கத் தேய்கிற பொருள் அது என்று
அப்போதுதான் உறைத்தது.
துளைக்குள் கட்டைவிரலை விட்டுப் பார்த்தேன்.
சரியாகப் பொருந்தியது,
உள்ளே வெதுவெதுப்பு.

தோலா இதை வாங்கியிருக்கிறான்.
என்ன எடை காட்டியிருக்கும்?

நாலாம் முறை "எலெயு" என்று தொடங்கியபோதே
குழாயை மூடினேன்.
துண்டால் சுவரை ஒற்றி எடுத்தேன்,
ஜன்னலைத் திறந்து
உலர்ந்த காற்றை உள்ளே விட்டேன்.

ரசீதில் எழுதினேன்:
ஏழாம் அறை, கசிவு.
வாஷர் ஒன்று, பன்னிரண்டு பொலிவியானோ.
கூலி இல்லை.