அரைப்பிடி

நெஹ்ரிம் டோவாவின் தராசைப் பூட்டி வைத்தவன் நான்தான்.
ஸோர்வாக் கோட்டையின் களஞ்சிய அதிகாரி.
வெளியே மூன்று அரசர்களின் கூடாரங்கள்,
உள்ளே நானூற்றுப் பதினொரு வாய்கள்,
அறுபது பீப்பாய் வாற்கோதுமை,
அதில் இரண்டு பீப்பாயில் எலிப்புழுக்கை.
எனக்குக் கடவுளிடம் வரவுசெலவு கிடையாது.

அவள் ஹொரேத் நெறிக்காரி.
அவர்கள் சொல்வது இது:
ஆதியில் ஹொரேத் இருட்டைத் தன்னாலேயே வகுத்தான்.
ஏழு முறை வகுத்தும் ஒரு துணுக்கு மிஞ்சியது.
எந்தப் பங்கிலும் சேராத அதைப் பார்த்துக் கூசி
உள்ளங்கையால் மூடிக்கொண்டான்.
அந்தக் கைக்கு அடியில்தான் நாம்.
விரலிடுக்கில் கசிவது பகல்.
விரல் நெருக்கினால் இரவு.
மழை? என்று கேட்டேன்.
வேர்வை என்றாள், சிரிக்காமல்.

அதனால் அவர்கள் எதையும் முடிப்பதில்லை.
செருப்பில் ஒரு துளையைக் கோக்காமல் விடுவார்கள்.
கிண்ணத்தில் ஒரு மிடறு.
சண்டையில், நாக்கு நுனிவரை வந்த ஒரு வசவு.
அவர்கள் மந்திரத்தில் முற்றுவினையே இல்லை:
எழுந்து, நீர் முகந்து, பிள்ளையை எழுப்பி, கதவைத் திறந்து
என்று போய்
அங்கேயே மூச்சை நிறுத்திவிடுவார்கள்.
பின்வரிசையில் நிற்கும் எனக்கு
படி இல்லாத இடத்தில் கால் வைத்ததுபோல் இருக்கும்.

ஒவ்வொரு மாலையும் அவள் அளந்தாள்.
ஒவ்வொரு மாலையும் எல்லோரும் வாங்கிப் போனபின்
தட்டில் அரைப்பிடி கிடந்தது.
காலையில் அது பீப்பாய்க்கே திரும்பும்.
திருட்டு என்றேன். எடைக்கல்லைத் தேய்த்திருக்கிறாய் என்றேன்.
கல்லை என் கல்லோடு ஒப்பிட்டேன். சரி.
தலைகளை எண்ணினேன்,
ஒற்றைக்கால் கொல்லன் தாவ்ருக்கையும்
நிலவறையில் கிடந்த ஒற்றனையும் சேர்த்து. சரி.
யாருக்கு இது?
'யாருக்கும் இல்லை' என்றாள்.
'பின் ஏன் இருக்கிறது?'
'யாருக்கும் இல்லாததால்.'

ஐம்பத்திரண்டாம் இரவு தட்டுக்குக் காவல் இருந்தேன்.
யாரும் வரவில்லை. ஹொரேத் வரவில்லை.
எலிகூட வரவில்லை, எலிகளை முன்பே தின்றிருந்தோம்.
விடியுமுன் அதைத் தின்றது நான்.
பச்சையாக, உமியோடு.
தட்டையும் நக்கினேன்.

மறுநாள் அவள் தராசைப் பூட்டினேன்.
என் தராசில் நானே அளந்தேன்.
நானூற்றுப் பதினொரு பங்கு, தட்டு வெறுமை.
என் வாழ்நாளில் நான் போட்ட மிகச் சுத்தமான கணக்கு.

வரிசை கலையவில்லை.
எல்லோரும் வானத்தை அண்ணாந்து பார்த்தார்கள்.
வெளிச்சம் ஒரு நூலளவு குறைந்தது.
மேகம் என்றுதான் இன்றும் சொல்வேன்.
ஆனால் பசித்த நானூறு பேரில்
ஒருவர்கூடப் பங்கை வாயில் வைக்கவில்லை.

நெஹ்ரிம் முன்னே வந்தாள்.
தன் பங்கைப் பாதியாக்கி என் தட்டில் கொட்டினாள்.
கையை இழுத்துக்கொள்ளும்போது பார்த்தேன்:
மணிக்கட்டு சுள்ளியாக இருந்தது,
வளையம் முழங்கைவரை வழுகி ஏறியிருந்தது.
ஐம்பத்து மூன்று நாள்.
தலைகளை எண்ணிய நான், கல்லை எண்ணிய நான்
அந்தக் கையை ஒருநாளும் எண்ணவில்லை.

அது மிஞ்சியதல்ல.

யாரோ சாவியை என்னிடமிருந்து வாங்கினார்கள்.
முற்றுகை எப்படித் தீர்ந்தது, யார் மிஞ்சினார்கள் என்பதெல்லாம்
அரசாங்க ஏட்டில் இருக்கிறது, என் கையெழுத்தோடு.
அவள் பெயருக்கு நேரே ஒரு கோடு.

எனக்கு இன்றும் நம்பிக்கை இல்லை.
மேலே கையும் இல்லை, விரலும் இல்லை.
இரவில் மட்டும்
விளக்கைத் தணித்து,
கிண்ணத்தை அடிவரை சாய்க்காமல் தள்ளி வைத்து,
நெஹ்ரிம் என்று அவள் பெயரைப் பாதி சொல்லி