கிடாரிக்கு ஒரு சொல்

பாரத்தில் மூன்று கட்டங்கள்.
ஆங்கிலக் கட்டம் அச்சிலேயே நிரம்பி வந்தது.
மலாய்க் கட்டத்தில் நீளமாக ஒரு வரி எழுதிவிட்டு
டாக்டர் நோர்ஹயாத்தி பேனாவை என் பக்கம் தள்ளினார்.
தமிழ் உன் வேலை.

நிபோங் திபாலில்
ரயில் பாதைக்கும் செம்பனைக்கும் நடுவே
சன்னாசியின் கொட்டகை.
கிடாரிக்கு இரண்டரை வயது.
ஒருநாளும் பருவத்துக்கு வந்து கத்தியதில்லை,
வேலியை முட்டியதில்லை,
தீனியை மறந்து நின்றதில்லை.
டாக்டர் தோள்வரை உறை மாட்டி
வாலை ஒதுக்கி உள்ளே தேடினார்,
கரண்ட் போன வீட்டில்
சுவரைத் தடவுகிறவர் போல.
கண் மட்டும் எங்கோ தகரக் கூரையில்.
"நாடா மாதிரி ஏதோ இருக்கு. கருப்பை இல்லை.
இதுகூட எதுவும் பிறந்ததா?"

"காளைக்கன்னு.
போன ஹஜ்ஜுப் பெருநாளைக்குக் கொடுத்துட்டேன்."

"அப்படின்னா இது ஃப்ரீமார்ட்டின்."

சன்னாசி முதலில் என்னைப் பார்த்தார்,
பிறகு மாட்டை.
"மார்ட்டின் எங்க ஃபேக்டரி சூப்பர்வைசர் பேரு.
ஃப்ரீங்கிறது சரிதான்.
ஒண்ணுதான் எதிர்பார்த்தேன், இது ஃப்ரீயா வந்துச்சு."

நான் விளக்கினேன், எனக்குத் தெரிந்த அளவு:
வயிற்றில் இரண்டு நஞ்சுக்கொடிகளும் ஒட்டிக்கொள்ளும்.
ரத்தம் அங்கிருந்து இங்கே, இங்கிருந்து அங்கே.
ஆண் முந்திக்கொள்வான்.
அவனை ஆணாக்குகிற அதே சுரப்பு
இவளிடமும் வந்து
கருப்பை கட்டப் போட்ட கொத்தனாரைத்
திருப்பி அனுப்பிவிடும்.
நூற்றில் தொண்ணூறுக்கு மேல் இப்படித்தான்.
அவனுக்குப் பெரிதாக ஒன்றும் ஆகாது.
அவனுடைய அணுக்கள் மட்டும்
இவள் ரத்தத்தில் சாகும்வரை ஓடும்.

"அப்போ அவன் இன்னும் இருக்கானா?"
என்றார் சன்னாசி.
அதற்குப் பாரத்தில் கட்டம் இல்லை.

அலுவலகத்தில், மின்விசிறிக்கடியில்,
*மலடு* என்று எழுதி அடித்தேன்.
அது சினை பிடிக்காத எல்லா மாட்டுக்கும் பொது,
மாட்டோடு நிற்பதும் இல்லை,
தெருவில் யாரையாவது தேடிப் போகும்.
*வறடு?*
வற்றுவதற்கு முன்னால் பால் இருந்திருக்க வேண்டும்.
*சினை* பக்கமே போக முடியவில்லை.
பள்ளியில் அதற்கு உறுப்பு என்று ஒரு பொருள் படித்தோம்,
கிளை என்று ஒன்று,
மீனுக்குள் முட்டை என்று ஒன்று.
இவளிடம் முதலாவதே பாதிதான்.
*ஆணொடு பிறந்த இரட்டைக் கிடாரி* என்று எழுதினால்
கட்டத்தை விட்டு வெளியே வழிகிறது.

மேலிடத்திலிருந்து இரண்டு முறை போன் வந்துவிட்டது.

இதற்கிடையே தாமானில் புதுவீட்டுக்காரர்கள்
சன்னாசியைக் கண்டுபிடித்திருந்தார்கள்.
கறவை மாட்டை விடியற்காலையில் அனுப்ப முடியாது,
பால் நேரம்.
இவளுக்கு எந்த நேரமும் நேரம்தான்.
லோரியில் ஆடாமல் நிற்பாள்,
சங்குக்கு மிரளமாட்டாள்.
ஒரு வீட்டுக்கு ஐம்பது வெள்ளி.

சிம்பாங் அம்பாட்டில்
என் சித்தப்பா மகன் வீட்டுக்கும் அவள்தான் வந்தாள்.
ஐந்து மணி இருட்டு.
ஏழு மாத வயிற்றோடு அண்ணி குனிய முடியாமல் குனிந்து
நெற்றியில் குங்குமம் வைத்தாள்.
வம்சம் தழைக்கும் என்றார் ஐயர்.
சன்னாசி என்னைப் பார்க்கவில்லை,
கயிற்றை இரண்டு சுற்றுச் சுற்றிப் பிடித்துக்கொண்டார்.
"பேரு என்ன?" என்றது ஒரு குழந்தை.
"மார்ட்டினா."
"யாரு வெச்சது?"
"பெரிய டாக்டரம்மா."

நடுக்கூடத்தில்,
ஒட்டுத்தாள் இன்னும் உரிக்காத வெள்ளை டைல்ஸில்
அவள் நின்று நிதானமாகக் கோமியம் விட்டாள்.
வீடே கைகூப்பியது.
பெரியம்மா செம்பைத் தேடி ஓடினாள்.