இடது கையில் கோப்பை

என் வேலை பார்த்துக்கொண்டிருப்பது.
பர்பாங்க் ஸ்டூடியோ, ஒன்பதாம் எண் தளம்.
மடியில் கிளிப்போர்டு, கழுத்தில் ஸ்டாப் வாட்ச்.
சட்டையில் எத்தனை பொத்தான் திறந்திருந்தது,
மெழுகுவர்த்தி எவ்வளவு உருகியிருந்தது,
யார் எந்தச் சொல்லில் எழுந்தார்,
எல்லாம் எழுதிவைப்பேன்.
தொடருக்குச் சம்பளம் அவர்களுக்கு.
தொடர்ச்சிக்கு எனக்கு.

ஒடெஸா டாலிவருக்கு மட்டும் எழுத வேண்டியதில்லை.
பதினேழு டேக் போனாலும்
'டாக்டர்' என்பதன் முதல் எழுத்தில் கதவு திறக்கும்,
கடைசி எழுத்தில் கோப்பை மேசையைத் தொடும்.
கோப்பை இடது கையில்.
வலது கை கதவுக்கு.
கதவைத் திறக்கத்தானே ஐம்பது வருடமாக
அவரை அழைத்துக்கொண்டிருந்தார்கள்.

முதலில் வேலைக்காரி.
பெயர் வைத்தால் பெஸ்ஸி,
பெரும்பாலும் வைக்கவில்லை.
நாற்பத்து மூன்று சமையலறை, அவரே எண்ணியது.
'ஒன்றிலாவது எனக்கு நாற்காலி போட்டார்களா, சொல்.'
சிரிக்காமல் கேட்டார்,
காட்சிக்கு வாங்கிய பட்டாணியை உரித்துக்கொண்டே.
மிச்சத்தை வீட்டுக்கு எடுத்துப்போனார்.

பிறகு நர்ஸ். பிறகு
காலம் மாறிவிட்டது என்றார்கள்,
கறுப்பு அங்கி மாட்டி நீதிபதியாக்கினார்கள்.
பதினோரு படத்தில்
'ஆட்சேபம் ஏற்கப்படுகிறது.'
தீர்ப்பை அவர் வாசிக்கும்போதெல்லாம் கேமரா
குற்றவாளியின் தாயைப் பார்த்துக்கொண்டிருக்கும்.
பிறகு மறுபடி நர்ஸ்,
இந்த முறை தலைமை நர்ஸ்.

கடையில் யாராவது நிறுத்துவார்கள்:
'நீங்கள் எங்கள் பள்ளியில் இருந்தீர்கள், இல்லையா?'
'ஆமாம்' என்பார்.
எந்தப் பள்ளி என்று கேட்பதில்லை.

பழைய படம் எங்கோ நள்ளிரவில் ஓடினால்
அவர் பங்கு காசோலையாக வரும்.
ஒருமுறை ஏழு சென்ட்.
உறையில் ஒட்டிய தபால்தலை முப்பத்தேழு.
அதையும் வரிசையில் நின்று வங்கியில் கட்டினார்.
பின்னால் ஒருவர் இருமினார்.
'உழைத்த காசு, ஐயா' என்றார் திரும்பாமல்.

நூற்றுப் பன்னிரண்டாம் அத்தியாயம்.
மூன்றாவது டேக்கில்
கோப்பைக்குள் காபி வட்டம் வட்டமாக அதிர்ந்தது.
சாசர் பல் கிட்டியது போலச் சத்தம்.
ஒலிப்பதிவாளர் தலை தூக்கினான்.
'லாரி போயிருக்கும்' என்றார் இயக்குநர்.
எந்த லாரியும் போகவில்லை.

நான்காவது டேக்.
கதவை இடது கையால் திறந்தார்.
கோப்பை வலது கையில், அசையாமல்.
வசனம் முடிந்ததும்
முதன்முறையாக என்னைப் பார்த்தார்.
கேமராவை அல்ல, என்னை.

நான் கை தூக்கியிருக்க வேண்டும்.
அதற்குத்தான் சம்பளம்.
பென்சிலை அழுத்தி எழுதினேன்:
'கோப்பை இடது கை. சரி.'

ஒளிபரப்பில்
தூர ஷாட்டில் இடது, க்ளோஸப்பில் வலது.
காற்றில் கோப்பை கைமாறியது.
எடிட்டர் பார்க்கவில்லை. தயாரிப்பாளர் பார்க்கவில்லை.
கதாநாயகன் அழுதுகொண்டிருந்தார்,
எல்லோரும் அவரைப் பார்த்தார்கள்.

மூன்று வாரம் கழித்து டுலூத் நகரிலிருந்து ஒரு கடிதம்.
அனுப்பியவர் ஹார்லன் ஃபிஸ்க்,
ஓய்வுபெற்ற தபால்காரர், கோடு போட்ட தாள்.
'ஐயா, சென்ற வாரத்துக்கு முந்தைய வாரம்
அந்த நர்ஸம்மாவின் கோப்பை கைமாறியது.
ஆறு வருடமாகப் பார்க்கிறேன்,
அவர் அப்படிச் செய்கிறவர் அல்ல.
உடம்புக்கு ஒன்றும் இல்லையே?'

எனக்கு ஓலை வந்தது, சம்பளத்தில் பிடித்தார்கள்.
போகட்டும்.
கோப்பிலிருந்து கடிதத்தைத் திருடினேன்.

கார் நிறுத்துமிடத்தில் கொடுத்தேன்.
கண்ணாடி இல்லாமல், தாளை எட்டப் பிடித்து,
பம்பரில் சாய்ந்து வாசித்தார்.
மறுபடி முதலிலிருந்து.
'டுலூத் எங்கே இருக்கிறது?'
'வடக்கே. ஏரிக்கரை. ரொம்பக் குளிர்.'
'அங்கேயும் வருகிறேனா நான்' என்றார்.

மடித்துப் பைக்குள் வைத்தார்.
எந்தக் கையால் என்று
நான் பார்க்கவில்லை.